குசினியில் சத்தம் அடங்கும்வரை காத்திருக்கும் பிள்ளைக்கு

கேள்வி:

வணக்கம் மிஸ். நான் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் இரண்டாம் வருடம் படிக்கிறேன். ஊர் மட்டக்களப்புப் பக்கம். முதல் வருடம் விடுதி கிடைத்தது. என் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் இரண்டு பேர் அதே அறையில் இருந்ததால் ஒன்றும் தெரியவில்லை. இந்த வருடம் விடுதி இல்லை. கலட்டிச் சந்திக்குக் கிட்ட ஒரு வீட்டின் பின்பகுதியை ஆறு பேர் சேர்ந்து வாடகைக்கு எடுத்திருக்கிறோம். வவுனியாவில் இருந்து இரண்டு பேர், மன்னார், நெடுந்தீவு, பதுளையில் இருந்து ஒவ்வொருவர், அப்புறம் நான். அவர்கள் ஐந்து பேரும் ஒரே பீடம். நான் மட்டும் வேறு.

வந்த புதிதில், நல்லூர்த் திருவிழா நேரம், அம்மா தந்துவிட்ட கருவாட்டைப் பொரித்துவிட்டேன். வீடு முழுக்க மணம். "நல்லூர்க் கொடி ஏறிட்டுது, இஞ்ச ஆர் கருவாடு பொரிக்கிறது?" என்று ஒருத்தி சத்தமாகக் கேட்க எல்லாரும் சிரித்தார்கள். வீட்டுக்கார அம்மாவும் வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனார். அன்றைக்கு அறைக்குள் போனவள்தான். இப்போது அவர்கள் சமைத்துச் சாப்பிட்டு, குசினியில் சத்தம் அடங்கிய பிறகுதான் போவேன். ஒன்பதரை ஆகிவிடும். நூடில்ஸ் அவித்துக்கொண்டு அறைக்கு வந்துவிடுவேன். ஹோலில் எல்லாரும் இருந்தால் கிணற்றடிக்குப் போகவும் கால் எழும்பாது. யாராவது ஏதும் கேட்டால் "ஓம்" என்பதோடு வாய் மூடிவிடும். காஸுக்கு இரண்டு தடவை நானே காசு போட்டேன், திருப்பிக் கேட்கக் கூச்சம். அறையில் என்னோடு இருக்கும் பதுளைப் பிள்ளை நல்லவள். அவளோடும் பெரிதாகக் கதைப்பதில்லை. என்னில் ஏதும் குறையா மிஸ்? தனி அறை பார்த்துப் போய்விடலாமா?

பதில்:

பிள்ளை, கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். இந்த செமஸ்டர் முடியும்வரை அறை மாறாதீர்கள். உங்களில் குறை என்று எனக்கு ஒன்றும் தெரியவில்லை. ஆனால் கூச்சத்தைச் சமாளிக்க நீங்கள் கண்டுபிடித்திருக்கும் வழி இருக்கிறதே, அந்த ஒன்பதரை மணி நூடில்ஸ், அதுதான் இப்போது கூச்சத்துக்குச் சோறு போட்டு வளர்க்கிறது.

திருநெல்வேலி, கொக்குவில், கோண்டாவில் பக்கம் வாடகை வீடுகளில் இருந்து என்னிடம் வரும் பிள்ளைகளுக்கும் இப்படி ஆளுக்கொரு வழி இருக்கிறது. குளியலறைக்கு வரிசை வருமுன் விடிய நாலு மணிக்கே எழும்பிக் குளிப்பவர் உண்டு. ஹோலைத் தாண்ட வேண்டியிருந்தால் போனைக் காதில் வைத்து "ஓம் அம்மா, ஓம் அம்மா" என்று சொல்லிக்கொண்டே நடப்பவர் உண்டு. மறுமுனையில் அம்மா இல்லை, ஒருவரும் இல்லை. பெடியன்களிடமும் இது இருக்கிறது. அவர்களுக்கு மறைக்க இடம் கூட. மட்ச் பார்க்கும் கூட்டத்தில் பின்னுக்கு நின்று மற்றவர்கள் கத்தும்போது தானும் கத்தினால் போதும், ஒருவருக்கும் தெரியாது.

இந்த வழிகள் எல்லாம் அந்த நேரத்துக்கு வேலை செய்யும். கதவைச் சாத்தியதும் மனசு ஆறுகிறதல்லவா? அந்த ஆறுதல்தான் பிரச்சினை. "நல்லகாலம் தப்பினேன்" என்று மனம் எழுதி வைத்துக்கொள்கிறது. நாளைக்கு அதே குசினி இன்னும் கொஞ்சம் பயங்கரமாகத் தெரியும். உள்ளே போயிருந்தால் ஒன்றும் நடந்திருக்காது என்று கண்டுபிடிக்கும் வாய்ப்பே உங்களுக்குக் கிடைப்பதில்லை.

ஒன்றை இடையில் சொல்ல வேண்டும். பெரியவர்கள் "இந்தக் காலத்துப் பிள்ளையளுக்குப் பழகத் தெரியாது" என்று சுலபமாகச் சொல்லிவிடுகிறோம். பழக எங்கே விட்டோம்? பள்ளிக்கூடம் விட்டால் ரியூசன், ரியூசன் விட்டால் வீடு, சனி ஞாயிறும் ரியூசன். 2020 மார்ச்சில் பள்ளிக்கூடங்கள் மூடி, திறந்து, திரும்ப மூடி, 2021 கடைசிவரை இழுபட்டது. இடைவேளையில் சண்டை பிடித்து, கோபம் போட்டு, திரும்பக் கதைக்கத் தொடங்கும் வயதில் உங்கள் வயதுப் பிள்ளைகள் போன் திரைக்கு முன்னால் இருந்தார்கள். எல்லாப் பழியையும் அதில் போட மாட்டேன், கூச்சம் எந்தக் காலத்திலும் இருந்ததுதான். ஆனால் முன்பின் தெரியாத ஐந்து பேரோடு ஒரு குசினியைப் பகிர்வது என்பது ஒருவரும் உங்களுக்குச் சொல்லித்தராத பாடம். மற்ற ஐந்து பேருக்கும் அதே கதைதான்.

சரி, கருவாடு. 2000ஆம் ஆண்டில் அமெரிக்காவின் கோர்னெல் பல்கலைக்கழகத்து உளவியலாளர் தோமஸ் கிலோவிச்சும் கூட்டாளிகளும் ஒரு சோதனையைப் பிரசுரித்தார்கள். அணிந்துபோக வெட்கப்படக்கூடிய, ஒரு பாடகரின் படம் போட்ட டீசேர்ட்டை ஒரு மாணவருக்குக் கொடுத்து, மற்ற மாணவர்கள் இருக்கும் அறைக்குள் அனுப்பினார்கள். வெளியே வந்ததும், "எத்தனை பேர் படத்தைக் கவனித்திருப்பார்கள்?" என்று கேட்டார்கள். ஏறத்தாழப் பாதிப் பேர் என்று நினைத்தார்கள் அணிந்தவர்கள். உண்மையில் கவனித்தது கால்வாசிப் பேர்தான். நம்மை மற்றவர்கள் எவ்வளவு பார்க்கிறார்கள் என்பதில் நாம் எல்லாருமே கணக்கைக் கூட்டித்தான் போடுகிறோம்.

உங்கள் விஷயத்தில் கவனித்தார்கள்தான். கருவாட்டு மணத்தைக் கவனிக்காமல் இருக்க ஒருவராலும் முடியாது. ஆனால் அதற்குப் பிறகு அந்த வீட்டில் எத்தனை பரீட்சை, எத்தனை அசைன்மென்ற், யாருக்கு யாரோடு கோபம், எத்தனை தடவை மோட்டர் பழுது! அந்தச் சிரிப்பைத் தினமும் எடுத்துத் தூசி தட்டி வைப்பது நீங்கள் ஒருவர் மட்டுமே. இன்னொன்று. நல்லூர் கொடியேறி 25 நாளும் யாழ்ப்பாணத்தில் நிறைய வீடுகளில் மச்சம் (மீன், இறைச்சி) சமைக்க மாட்டார்கள். இது இங்கே பிறந்தவர்களுக்கு மூச்சுவிடுவதுபோலத் தெரியும். வெளியில் இருந்து வந்த பிள்ளைக்கு எப்படித் தெரியும்? வீட்டைக் காட்டிய அன்றே வீட்டுக்கார அம்மா சொல்லியிருக்க வேண்டும். ஒருநாள் அவரிடம் போய், "அன்றைக்கு எனக்குத் தெரியாது அன்ரி. வேற என்னென்ன நாளில மச்சம் சமைக்கக் கூடாது எண்டு சொல்லுங்கோ" என்று கேட்டுவிடுங்கள். நீங்கள் அதை மனதில் வைத்திருப்பது தெரிந்தால், அநேகமாக, அவர் உங்களைவிடக் கூடுதலாகச் சங்கடப்படுவார்.

இப்போது கதவின் மற்றப் பக்கத்துக்கு வருவோம். இதைத்தான் நான் விரிவாகச் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் உங்கள் கடிதத்தில் அது கொஞ்சமும் இல்லை. உங்களைப் போன்ற பிள்ளைகள் மட்டுமல்ல, உங்களைப் போன்ற பிள்ளைகளோடு ஒரே வீட்டில் இருப்பவர்களும் என்னிடம் கதைக்கிறார்கள். அவர்கள் சொல்வது, "பாவம், அவளுக்குக் கூச்சம்" என்பதல்ல. "அவ எங்களோட சேர மாட்டா மிஸ்", "நாங்கள் சமைக்கிறது அவவுக்குப் பிடிக்காது போல", "நடப்பு". சாத்திய கதவு வெளியில் இருப்பவருக்குப் பெருமையாகத்தான் தெரியும். உள்ளே இருப்பவர் நெஞ்சு படபடக்க நிற்கிறார் என்று கதவில் எழுதியிருப்பதில்லை. அன்றைக்குப் பகிடி விட்ட பிள்ளையே, "நான் சொன்னதில கோவிச்சிட்டாளோ" என்று உள்ளுக்குள் யோசித்துக்கொண்டு, உங்களிடம் வந்து கேட்கக் கூச்சப்பட்டுக்கொண்டு இருக்கலாம்.

இதற்கும் ஓர் ஆய்வு இருக்கிறது, உங்கள் வீட்டுக்கு அளவெடுத்துத் தைத்ததுபோல. எரிக்கா பூத்பியும் சகாக்களும் 2018இல் வெளியிட்டது. முன்பின் தெரியாத இருவரைக் கதைக்க விட்டு, பிறகு தனித்தனியாகக் கேட்டார்கள்: உங்களுக்கு அவரை எவ்வளவு பிடித்தது, அவருக்கு உங்களை எவ்வளவு பிடித்திருக்கும்? இரண்டு பக்கமும் ஒரே பிழையைச் செய்தது. மற்றவருக்குத் தன்னைப் பிடித்த அளவை இருவருமே குறைத்து மதிப்பிட்டார்கள். கூச்சம் கூடியவர்களிடம் அந்த இடைவெளியும் கூட இருந்தது. பிறகு யேல் பல்கலைக்கழகத்தில் ஒரே விடுதிப் பகுதியில் சேர்ந்து வாழும் முதலாம் வருட மாணவர்களை அந்தக் கல்வியாண்டு முழுவதும் தொடர்ந்து கேட்டுப் பார்த்தார்கள். ஒரே கூரைக்குக் கீழே இருந்தும் அந்தத் தப்புக் கணக்கு மாதக்கணக்காக நீடித்தது. ஆக, "என்னை இவர்களுக்குப் பிடிக்கவில்லை" என்று உங்கள் மனம் சொல்வதைச் சாட்சியாக எடுக்காதீர்கள். அந்தச் சாட்சி எல்லா வீட்டிலும் ஒரே பொய்யைத்தான் சொல்கிறது.

என்ன செய்வது? போய்க் கதையுங்கள் என்று நான் சொல்லப்போவதில்லை. கூச்சப்படுகிறவரிடம் "கலகலப்பா கதையுமன்" என்று சொல்வதைப்போல வீணான புத்திமதி வேறில்லை. கதைக்க வேண்டாம். தேங்காய் திருவுங்கள்.

பகிடியாகச் சொல்லவில்லை. பின்னேரம் ஆறரை, ஏழு மணிக்கு அந்தக் குசினியைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். ஒருத்தி வெங்காயம் உரிக்கிறாள், ஒருத்தி புட்டுக்கு மாக் குழைக்கிறாள், ஒருத்தி போனைப் பார்த்துக்கொண்டு சும்மா நிற்கிறாள். திருவலையில் குந்த மட்டும் ஒருவருக்கும் விருப்பமில்லை. எந்த வீட்டிலும் அப்படித்தான், கை வலிக்கும். அந்த இடம் உங்களுக்கென்றே வெறுமையாக இருக்கிறது. திருவலையில் இருந்தால் பார்வை தேங்காய்ப் பாதியில் இருக்கும், ஒருவர் முகத்தையும் பார்க்கத் தேவையில்லை. கைக்கு வேலை இருக்கும். ஏன் இங்கே நிற்கிறாள் என்று ஒருவரும் கேட்க மாட்டார்கள். கதை உங்கள் தலைக்கு மேலால் போய்க்கொண்டிருக்கும், நீங்கள் அதற்குள் இருப்பீர்கள். சிரட்டைக் கறுப்புப் படுமுன் நிறுத்தினால் சம்பல் வெள்ளையாக வரும், அவ்வளவுதான் அந்த நேரத்துக்கு உங்கள் கவலை. யாராவது "பாலுக்குக் கொஞ்சம் எடுத்து வை" என்பார்கள். நீங்கள் "இது காணுமா?" என்பீர்கள். முதல் நாளுக்கு அது போதும்.

உள்ளே நுழைவதற்கு ஒரு வசனம் வேண்டும், அதைத் தருகிறேன்: "நானும் உங்களோட சமையல்ல சேரட்டா? தேங்காய் நான் திருவுறன்." இதை ஐந்து பேருக்கும் முன்னால் சொல்லத் தேவையில்லை. அறையில் உங்களோடு இருக்கும் பதுளைப் பிள்ளையிடம் தனியே சொல்லுங்கள், அவள் கொண்டுபோய்ச் சேர்ப்பாள். அவளோடு ஒரு சனிக்கிழமை காலை திருநெல்வேலிச் சந்தைக்கு மரக்கறி வாங்கப் போய் வாருங்கள். பக்கத்துப் பக்கத்தில் நடக்கும்போது கதை தானாக வரும், வராவிட்டாலும் கத்தரிக்காய் விலை இருக்கிறது. அவளும் இங்கே வெளியூர்ப் பிள்ளைதான், அவள் பேச்சையும் யாராவது நக்கலடித்திருப்பார்கள். நெடுந்தீவுப் பிள்ளையும் வீட்டுக்குப் போவதென்றால் குறிகட்டுவானில் படகுக்குக் காத்துநிற்க வேண்டியவள். அந்த வீட்டில் "இந்த ஊர்க்காரர்" என்று சொல்ல வீட்டுக்கார அம்மாவை விட்டால் ஆளில்லை.

வெளியேறவும் ஒரு வசனம் வைத்திருங்கள். கூச்சமுள்ள பிள்ளைகள் பலர் உள்ளே போகத் தயங்குவதே, எப்படி எழும்பி வருவது என்று தெரியாததால்தான். "எனக்குக் கொஞ்சம் படிக்க இருக்கு, போறன்" என்று சொல்லிவிட்டு எழும்புங்கள். விளக்கம் சொல்லத் தேவையில்லை.

அங்கே நிற்கும்போது உங்களுக்குள் ஒன்று நடக்கும். "நான் எப்படி நிற்கிறேன், என் முகம் எப்படி இருக்கிறது, அடுத்து என்ன சொல்வது" என்று மனம் உங்களையே படம் பிடித்துக்கொண்டிருக்கும். டேவிட் கிளார்க், ஏட்ரியன் வெல்ஸ் என்ற இரண்டு உளவியலாளர்கள் 1995இல் சமூகப் பதற்றத்தை, அதாவது மற்றவர்கள் முன்னால் வரும் பயத்தை, விளக்கியபோது நடுவில் வைத்தது இதைத்தான். கவனம் உள்ளே திரும்பிவிட்டால் எதிரே நிற்பவரின் முகத்தில் உள்ள சிரிப்பே தெரியாமல் போகும். அதனால் கவனத்துக்கு வெளியே ஒரு வேலை கொடுங்கள். யார் என்ன கதை சொன்னார்கள், அதில் எந்தப் பெயர் வந்தது, யாருக்கு எந்தப் பாடம் கஷ்டம் என்று கேட்டு வையுங்கள். இரண்டு நாள் கழித்து "அந்த அசைன்மென்ற் குடுத்திட்டீங்களா?" என்று கேட்டால், அது நீங்கள் பாடமாக்கிக்கொண்டு போகும் பத்து வசனத்தைவிடப் பெறுமதியானது. இரவு படுக்கும்போது, அன்றைக்கு நடந்ததைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்துப் பிழை தேடாதீர்கள். ஓடத் தொடங்கினால் எழும்பித் தண்ணீர் குடித்துவிட்டு வந்து படுங்கள்.

இரண்டு வாரத்தில் ஒன்றும் மாறவில்லை என்று எனக்குத் திரும்ப எழுத வேண்டாம். மாறாது. கன்சாஸ் பல்கலைக்கழகத்தின் ஜெஃப்ரி ஹோல் என்பவர், புதிய இடத்துக்குக் குடிபோனவர்களையும் முதலாம் வருட மாணவர்களையும் ஆராய்ந்து, 2018இல் ஒரு கணக்குச் சொன்னார். முகம் தெரிந்த ஒருவர் சும்மா பழகும் நண்பராக மாறச் சுமார் 50 மணித்தியாலம் சேர்ந்து கழிக்க வேண்டும்; நல்ல நண்பராக 90 அளவில்; உயிர்ச் சிநேகிதமாக 200க்கு மேல். ஒரே வகுப்பில் இருக்கும் நேரம் இதில் பெரிதாக உதவாது, சும்மா இருந்து கதைக்கும் நேரம்தான் கணக்கு. நாளுக்கு அரை மணித்தியாலம் குசினியில் நின்றீர்கள் என்றால் 15 வாரச் செமஸ்டர் முடியும்போது 50ஐத் தாண்டிவிடுவீர்கள். நான் செமஸ்டர் முடியும்வரை பொறுங்கள் என்று சொன்னது இந்தக் கணக்கில்தான்.

காஸ் காசு. இதை இழுத்துக்கொண்டு போகாதீர்கள். திருப்பிக் கேட்காத காசு மனதில் புளித்துவிடும், பிறகு அவர்கள் சிரித்தாலே எரிச்சல் வரும். கடையில் ஒரு கொப்பி வாங்கிக் குசினியில் தொங்கவிடுங்கள். காஸ், கரண்ட், தண்ணி மோட்டர், தேங்காய், மா எல்லாம் யார் எப்போது வாங்கினார் என்று எழுதுவதற்கு. முதல் வரியில் நீங்கள் போட்ட இரண்டு தடவைக் கணக்கையும் எழுதிவிட்டு, வீட்டு வட்ஸ்அப் குழுவில் "காஸ் கணக்குக் குழம்புது, கொப்பியில எழுதியிருக்கிறன், எல்லாரும் பார்த்து எழுதுங்கோ" என்று போடுங்கள். நிச்சயமாக இன்னொருத்தியும் இதைக் கேட்க முடியாமல் தவித்துக்கொண்டிருப்பாள்.

பகிடி பற்றியும் ஒன்று. உங்கள் பேச்சை, ஊரை, சாப்பாட்டை வைத்து வரும் பகிடியில் இரண்டு வகை உண்டு. ஒன்று, நீங்களும் திருப்பி ஒன்று விடலாம், விட்டால் அவர்களும் சிரிப்பார்கள். அது உங்களை உள்ளே இழுக்கிற பகிடி, தாங்கிப் பழகலாம். மற்றது, "இது எனக்குப் பிடிக்கேல்லை" என்று ஒரு தடவை அமைதியாகச் சொன்ன பிறகும் நிற்காதது, அல்லது சாதி, சமயம், பிரதேசம் என்று போவது. அதைத் தாங்கத் தேவையில்லை. சீனியர் யாராவது சேர்ந்து அப்படிச் செய்தால் அது பகிடிவதை. 1998ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கச் சட்டப்படி குற்றம். கம்பஸ் மதிலுக்கு வெளியே, வாடகை வீட்டில் நடந்தது என்று சொல்லித் தப்பவும் முடியாது. பீடத்தின் மாணவ ஆலோசகரிடம் போங்கள். நீங்கள் எழுதியதை வைத்துப் பார்த்தால் உங்கள் வீட்டில் நடந்தது முதல் வகைதான் என்று எனக்குப் படுகிறது.

இன்னொன்றையும் கேட்க வேண்டும், நேர்மையாகப் பதில் சொல்லுங்கள். இந்தப் பயம் வீட்டோடு நிற்கிறதா, இல்லை வகுப்பில் பிரசன்ரேசன் வந்தால் அன்றைக்கு லெக்சருக்கே போகாமல் விடுகிறீர்களா? கன்ரீனில் மற்றவர்கள் பார்க்கச் சாப்பிட முடியாமல் இருக்கிறதா? நெஞ்சு அடித்து, வியர்த்து, கை நடுங்குகிறதா? இது ஆறு மாதத்துக்கு மேலாக, பல இடங்களில், படிப்பைக் கெடுக்கும் அளவுக்கு இருந்தால் அதைக் கூச்சம் என்று விட்டுவிடக் கூடாது. சமூகப் பதற்ற நோய் என்று அதற்குப் பெயர் இருக்கிறது, வைத்தியமும் இருக்கிறது. எண்ணங்களையும் பழக்கங்களையும் படிப்படியாக மாற்றும் பேச்சுச் சிகிச்சை பலருக்கு நன்றாகவே உதவுகிறது. யாழ். போதனா வைத்தியசாலையில் உளநலப் பிரிவு இருக்கிறது. தேசிய மனநல நிறுவனத்தின் 1926 இலக்கத்துக்கு எந்த நேரமும் அழைக்கலாம். நேரே வந்து கதைக்க முடியாத பிள்ளைக்கு அது நல்ல தொடக்கம்.

தனி அறை விஷயத்துக்குத் திரும்ப வருகிறேன். செமஸ்டர் முடிவில், குசினிக்குப் போய்ப் பழகிப் பார்த்த பிறகும், "இவர்கள் பரவாயில்லை, ஆனால் எனக்குத் தனியே இருப்பதுதான் படிக்க வசதி" என்று தோன்றினால் தாராளமாகப் போங்கள். அது உங்கள் விருப்பம், தோல்வி என்று ஒருவரும் சொல்ல முடியாது. ஒரே வீட்டில் இருப்பவர்கள் எல்லாரும் உயிர்த்தோழிகளாக வேண்டும் என்று சட்டமில்லை. முகம் பார்த்து ஒரு சிரிப்பு, கணக்கில் நேர்மை, காய்ச்சல் வந்தால் ஒரு பிளேன்ரீ போட்டுத் தரும் அளவு பழக்கம் இருந்தால் எத்தனையோ வீடு ஓடுகிறது. பயந்து ஓடுவதற்காக மட்டும் போகாதீர்கள். புது இடத்திலும் ஒரு குசினி இருக்கும், அங்கேயும் யாராவது நிற்பார்கள்.

போவதென்று முடிவெடுத்தால் வீட்டுக்கார அம்மாவிடம் குறைந்தது ஒரு மாதத்துக்கு முதலே சொல்லுங்கள். கொடுத்த முற்பணத்தைக் கடைசி மாத வாடகையில் கழிக்கலாமா என்றும் அப்போதே கேட்டுக்கொள்ளுங்கள். உங்கள் இடத்துக்கு இன்னொருவரைத் தேடும் வேலையை மற்ற ஐந்து பேர் தலையில் போடாமல், உங்கள் பட்ச்சில் யாருக்காவது அறை தேவையா என்று நீங்களே விசாரித்துப் பாருங்கள்.